இணையம் நாடுகளுக்குச் சென்ற வழி

உலக மக்களுள் இணையத்தைப் பயன்படுத்துவோர் எத்துணைப் பேர் என்பதைப் பன்னாட்டுத் தொலைத்தொடர்பு ஒன்றியம் ஆண்டுதோறும் மதிப்பிட்டு வெளியிடுகின்றது. 1865 ஆம் ஆண்டிலே தந்திப் போக்குவரவை ஒழுங்குசெய்யும் பொருட்டு இருபது நாடுகள் பாரிசு நகரிற் கூடித் தோற்றுவித்த அமைப்பே இன்று இப்பெயரோடு ஐக்கிய நாடுகள் சபையின் குடும்பத்துள் ஒன்றாக இயங்கி வருகின்றது. 2024 ஆம் ஆண்டில் அது வெளியிட்ட கணக்கின்படி உலகில் ஏறத்தாழ 550 கோடி மக்கள், அதாவது நூற்றுக்கு 68 பேர், இணையத்தைப் பயன்படுத்தினர். எஞ்சிய 260 கோடி மக்கள் அதனைத் தொட்டறியாதவர். செல்வம் மிக்க நாடுகளில் நூற்றுக்கு 93 பேரும், வருவாய் மிகக் குறைந்த நாடுகளில் நூற்றுக்கு 27 பேருமே பயன்படுத்துவோர். நகரத்தாருள் நூற்றுக்கு 83 பேர். நாட்டுப்புறத்தாருள் 48 பேர்.

இவ்வேற்றுமைக்குக் காரணம் யாது என்று வினவினால், செல்வமுடையார் பெற்றனர், இல்லாதார் பெற்றிலர் என்று விடை கூறிவிடுதல் எளிது. அவ்விடை பொய்யன்று, ஆயினும் முழு உண்மையுமன்று. ஒரு நாட்டின் வருவாய் பெரிதும் மாறாதிருக்கவே, அந்நாட்டில் இணையத்தின் மொத்த விலை சில ஆண்டுகளுக்குள் பன்மடங்கு வீழ்ந்ததும் உண்டு. அத்தகைய இடத்தை ஆராய்ந்தால், இணையம் ஒரு நாட்டை எவ்வழியாக அடைந்தது, அவ்வழியின் வாயிலில் யார் நின்று கூலி வாங்கினர் என்னும் இரண்டு வினாக்களும் செல்வத்தைப் போலவே முதன்மையானவை என்பது புலனாகும். ஆபிரிக்காவின் கிழக்குக் கரையே அவ்விடம். நேயர்களை அக்கரைக்கு அழைத்துச் செல்வதே இப்பேச்சின் நோக்கம்.

இணையம் வானத்திலிருந்து வருகின்றது என்றே நம் மாணவர் பலரும் எண்ணுகின்றனர். கையிலுள்ள தொலைபேசிக்குக் கம்பி இல்லை. ஆகவே செய்மதியே யாவற்றையும் கொண்டுவருகின்றது என்பது அவர்தம் ஊகம். உண்மை வேறு. கண்டங்களுக்கிடையே செல்லும் இணையப் போக்குவரவின் மிகப் பெரும் பகுதி கடலின் அடியிலே கிடக்கும் வடங்களினூடாகவே செல்கின்றது. ஆழ்கடலிற் கிடக்கும் வடம் தோட்டத்தில் நீர் பாய்ச்சும் குழாயளவு பருமனே உடையது. அதன் நடுவே மயிரிழையொத்த கண்ணாடி இழைகள் சில. அவற்றினூடே ஒளி துடிக்கின்றது. தூரத்தில் ஒளி மங்குமாதலின் அதனை இடையிடையே பெருக்கிவிடும் கருவிகளும் வடத்தோடு கடலடியிற் கிடக்கின்றன.

இவ்வடங்களின் முன்னோர் தந்தி வடங்களாம். 1851 இல் டோவர் துறைக்கும் கலே துறைக்கும் இடையே வடம் இடப்பெற்றது. 1866 இல் ‘கிரேட் ஈஸ்டேர்ண்’ என்னும் பெருங்கப்பல் அத்திலாந்திக் மாகடலின் குறுக்கே நிலைத்து நின்ற வடத்தை இட்டது. அதில் முதலில் அறவிட்ட கட்டணம் இருபது சொற்களுக்கு இருபது பவுண். சாதாரண மக்கள் நினைத்தும் பார்க்கவியலாத தொகை அது. 1870 இல் இங்கிலாந்திலிருந்து ஏடன் வழியாகப் பம்பாய் வரையிலும், 1872 இல் அவுஸ்திரேலியாவின் தென்கரை வரையிலும் தந்தித் தொடர்பு நீண்டது. அவ்வடங்களை உப்பு நீர் தாக்காதவாறு பொதிவதற்கு மலாய்த் தீவுக்கூட்டத்துக் காட்டு மரமொன்றின் பால் பயன்பட்டது. கட்டாபேர்ச்சா எனப்படும் அப்பாலின் பொருட்டு எண்ணிறந்த மரங்கள் வெட்டி வீழ்த்தப்பட்டன.

கிழக்கு ஆபிரிக்கா அப்பொழுதும் வடம் இன்றியே இருந்தது. 1879 ஆம் ஆண்டு சனவரி 22 ஆந் திகதி இசாண்டில்வானா என்னுமிடத்தில் சூலு மக்களின் படை ஆங்கிலப் படையொன்றை முறியடித்தது. ஆயிரத்து முந்நூறு பேருக்கு மேல் ஆங்கிலர் பக்கத்தில் மாண்ட அத்தோல்வியின் செய்தி, பாதி வழி கப்பலிலும் எஞ்சிய வழி தந்தியிலுமாகச் சென்று, பெப்ரவரி 11 ஆந் திகதியே இலண்டனை எட்டிற்று. இருபது நாள்! அவ்வாண்டு முடியுமுன்னரே ஏடனிலிருந்து சன்சிபார், மொசாம்பிக்கு வழியாக டேர்பன் துறைவரை வடம் இடப்பெற்றுவிட்டது. கரையில் வாழ்ந்த மக்கள் அவ்வடத்தைக் கேட்டாரல்லர். அதனை வேண்டி நின்றது ஒரு பேரரசின் அச்சம். வடம் யாருடைய தேவைக்காக இடப்பட்டதோ அவருடைய செய்தியையே அது சுமந்தது.

இணையத்தின் பிறப்பை விரிவாகக் கூற இங்கு இடமில்லை. நேயர் பலரும் அதனை அறிவர். 1969 ஒக்ரோபர் 29 ஆந் திகதி கலிபோணியாவில் ஒரு பல்கலைக்கழகக் கணினியிலிருந்து மற்றோர் ஆராய்ச்சி நிலையத்துக் கணினிக்கு ஐந்தெழுத்துச் சொல் ஒன்றை அனுப்ப முயன்றபோது, இரண்டெழுத்து மட்டுமே சென்றதும் பொறி நின்றுவிட்டது. அமெரிக்கப் பாதுகாப்புத் துறையின் பொருளுதவியாற் பிறந்த ‘ஆர்ப்பாநெற்’ என்னும் அவ்வலை, 1973 இல் நோர்வேக்கும் இலண்டனுக்கும் நீண்டது. நோர்வே ஏன்? சோவியத்து நாட்டின் அணுகுண்டுச் சோதனைகளால் நிலம் அதிர்வதை உணரும் கருவிகள் அங்கேதான் நிறுவப்பட்டிருந்தன. 1879 இல் டேர்பனுக்கு வடம் சென்ற காரணமும் 1973 இல் நோர்வேக்குத் தொடர்பு சென்ற காரணமும் ஒன்றற்கொன்று உறவுடையன என்பது என் கருத்து.

பின்னர் பல்கலைக்கழகங்களின் கையில் வலை வளர்ந்தது. 1988 முதல் 1990 வரை ஐரோப்பிய நாடுகள் பல, கனடா, அவுஸ்திரேலியா, யப்பான், கொரியா, இந்தியா, பிரேசில் என்பன அமெரிக்கக் கல்வி வலையோடு இணைந்தன. ஆபிரிக்காவின் தென்கோடியில் முதல் இணைப்பு 1991 நவம்பரில் உண்டாயிற்று. தென்னாபிரிக்காவின் கிரகம்ஸ்ரவுணில் உள்ள றோட்ஸ் பல்கலைக்கழகத்திலிருந்து சென்ற அந்தத் தொலைபேசி இணைப்பின் மறுமுனை அமெரிக்காவின் ஓரெகன் மாநிலத்துப் போட்லண்ட் நகரில் இருந்தது. அம்முனை ஓர் அரச அலுவலகமன்று. இணையத் தொழிலில் வல்லவர் ஒருவரின் வீடு! ஒரு நாட்டின் வாயில் ஒரு தனி மனிதரின் இல்லத்திலே திறக்கப்பட்ட செய்தி வரலாற்றிலே அரிதாகக் காண்பது. ஏனைய நாடுகளும் ஒவ்வொன்றாகச் சேர்ந்தன. ஆபிரிக்க நாடுகளுள் இறுதியாக எரித்திரியா 2000 நவம்பரில் இணைந்தது.

இணைந்தன என்று சொல்லிவிட்டோம், எதனால் இணைந்தன? கிழக்குக் கரையில் ஒளியிழை வடம் ஒன்றேனும் இல்லை. ஆகவே கெனியா, தன்சானியா, உகண்டா முதலிய நாடுகள் செய்மதியையே நம்பியிருந்தன. அச்செய்மதி நிலவுலகுக்கு மேலே ஏறத்தாழ 36,000 கிலோமீற்றர் உயரத்தில் நிற்பது. செய்தி அங்கே ஏறி இறங்க வேண்டும். மறுமொழியும் அவ்வாறே ஏறி இறங்க வேண்டும். அதனால் உண்டாகும் காலத்தாழ்வு ஒருபுறமிருக்க, விலையோ மிகக் கொடியது. ஒரு நொடியில் ஒரு மெகாபிற் கொண்டுசெல்லும் சிறு வழிக்கு மாதந்தோறும் சில ஆயிரம் அமெரிக்க டொலர் செலுத்த வேண்டியிருந்தது. இன்று ஒரு வீட்டுக்குங் காணாத வழி அது. அன்று ஒரு பல்கலைக்கழகம் முழுவதும் அதனைப் பங்கிட்டுக்கொண்டது.

இதனினும் வியப்புக்குரியது மற்றொன்று. நைரோபியில் ஒரு தெருவிலிருப்பவர் அடுத்த தெருவிலிருப்பவருக்கு ஒரு மின்னஞ்சல் விடுத்தால், இருவரும் வெவ்வேறு நிறுவனங்களின் வாடிக்கையாளராயின், அவ்வஞ்சல் செய்மதியேறி அமெரிக்காவுக்கோ ஐரோப்பாவுக்கோ சென்று, அங்கே கைமாறி, மீண்டும் செய்மதியேறி நைரோபிக்குத் திரும்பிற்று. அயல்வீட்டாரோடு பேசுவதற்கு மாகடல் கடந்து போய் வந்த கதை இது. போகும் வழிக்கும் வரும் வழிக்கும் கூலி கொடுத்தவர் ஆபிரிக்கரே. பழைய தொலைபேசி முறையில் இரு நாடுகளுக்கிடையே நிகழும் உரையாடலின் வருவாய் இரு நாடுகளுக்கும் பங்கிடப்பட்டது. இணையத்திலோ அவ்வழக்கம் இல்லை. வறிய நாடு தன் முனையிலிருந்து அமெரிக்க முனைவரை உள்ள முழு வழிக்கும் தானே கூலி கொடுத்தது. அமெரிக்காவிலிருந்து கெனியாவுக்கு வந்த அஞ்சலின் செலவும் கெனியரின் தலையிலேயே விழுந்தது. கெனிய நாட்டு இணைய நிறுவனத்தார் இதனைப் பன்னாட்டு மன்றங்களிலே எடுத்துக் கூறி வாதாடினர். வாதம் நியாயமானதே, ஆயினும் பெருநிறுவனங்கள் இணங்கவில்லை.

ஆகவே தம்மால் இயன்றதை அவர்கள் செய்தனர். உள்ளூர் அஞ்சல்கள் உள்ளூரிலேயே கைமாறுவதற்கு ஒரு சந்தி அமைத்தனர். நாற்சந்தியிலே அஞ்சற்காரர் நால்வர் கூடித் தத்தம் பையிலுள்ள கடிதங்களை மாற்றிக்கொள்வதை ஒப்பது அது. 2000 நவம்பரில் நைரோபியிலே அது தொடங்கிற்று. அடுத்த மாதமே மூடப்பட்டது. ரெல்கொம் கெனியா என்னும் அரச நிறுவனம், வெளிநாட்டுத் தொடர்பு யாவும் தன் வழியே நிகழவேண்டும் என்னும் தனியுரிமையைக் காட்டி முறையிட்டதனால், ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழு அச்சந்தி சட்டத்துக்கு மாறானது என்று தீர்த்தது. உள்ளூரார் உள்ளூராரோடு பேசுவது எங்ஙனம் வெளிநாட்டுத் தொடர்பாகும் என்று கேட்போருக்கு விடை கிடைக்க ஓராண்டுக்கு மேற் சென்றது. இறுதியில் உரிமம் வழங்கப்பட்டு, 2002 பெப்ரவரியில் அது மீண்டும் திறக்கப்பட்டது. ஒன்றிரண்டு நொடி எடுத்த உள்ளூர்ப் போக்குவரவு நொடியிற் பத்திலொரு பங்கினுங் குறைந்த நேரத்தில் முடிந்தது. கம்பி சில, சிறு பெட்டிகள் சில, செலவு சொற்பமே. தடையாக நின்றது பொருளில்லாமையன்று என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டியதில்லை.

வடம் வந்துவிட்டால் யாவும் தீரும் என்றும் எண்ணிவிடலாகாது. ஆபிரிக்காவின் மேற்குக் கரைக்கு 2002 இலேயே வடம் வந்துவிட்டது. போத்துக்கலிலிருந்து புறப்பட்டு, மேற்குக் கரை நாடுகள் பலவற்றைத் தொட்டுத் தென்னாபிரிக்காவை அடைந்து, அங்கிருந்து வேறொரு வடத்தினூடாக இந்தியாவையும் மலேசியாவையும் எட்டியது அவ்வழி. ஆயினும் பல நாடுகளில் விலை இறங்கவில்லை. காரணம், அவ்வடத்தின் பங்காளிகள் அந்தந்த நாட்டின் தனியுரிமைத் தொலைபேசி நிறுவனங்களே. தன் நாட்டு வாயிலில் ஒவ்வொன்றும் தனித்தே நின்றது. போட்டி இல்லாத இடத்தில் விலையைக் குறைக்க யார் முன்வருவார்? வடம் புதியது, சுங்கச்சாவடி பழையது.

இதனைக் கண்டிருந்த கிழக்குக் கரை நாடுகள் தம் வடத்தை இடுமுன்னரே வழக்காடத் தொடங்கின. ‘ஈசி’ எனப் பெயரிய வடத்துக்கான பேச்சு 2003 அளவிலே தொடங்கிற்று. அது யாவர்க்கும் ஒரே விலையில் திறந்திருக்க வேண்டுமா, பணமிட்ட நிறுவனங்களின் உடைமையாக இருக்க வேண்டுமா என்னும் பூசல் ஆண்டுகளை விழுங்கியது. பொறுமையிழந்த கெனிய அரசு, உள்நாட்டு நிறுவனங்களையும் எமிரேற்றுத் தொலைபேசி நிறுவனத்தையும் சேர்த்துக்கொண்டு, மொம்பாசாவிலிருந்து புசைரா வரை ஏறத்தாழ 5,000 கிலோமீற்றர் நீளமுள்ள ‘டீம்ஸ்’ என்னும் வடத்தை இடத் துணிந்தது. ‘சீகொம்’ என்னும் தனியார் நிறுவனம் ஒன்றும் போட்டியாகக் கிளம்பியது. 2009 யூன் மாதம் டீம்ஸ் வடத்தின் முனை மொம்பாசாக் கரையேறியது. சோமாலியக் கடற்கொள்ளையருக்கு அஞ்சிச் சிறிது தாமதித்த சீகொம் அவ்வாண்டு யூலை 23 ஆந் திகதி தென்னாபிரிக்கா, மொசாம்பிக்கு, தன்சானியா, கெனியா ஆகிய நாடுகளை இந்தியாவோடும் ஐரோப்பாவோடும் இணைத்தது. பிணங்கிக் கிடந்த ஈசியும் 2010 இல் வந்து சேர்ந்தது.

நெடுங்காலம் காத்திருந்த கரைக்கு ஏறத்தாழ ஓராண்டுக்குள் மூன்று வடங்கள்! மொத்த விலை ஆயிரங்களிலிருந்து நூறுகளுக்கு இறங்கிற்று. எனினும் வீட்டுக்காரர் அவ்விறக்கத்தை உடனே உணர்ந்திலர். கடன் பெற்று வடமிட்ட நிறுவனங்கள் தம் பணத்தை மீட்கவே முதலில் முனைந்தன. விலையைக் குறைக்காமல் வேகத்தை மட்டும் கூட்டின. கரையிலிருந்து உள்நாட்டுக்குச் செல்லும் வழியும் குறுகியதே. கடலே இல்லாத உகண்டாவும் உருவாண்டாவும் அயல்நாடுகளின் தரைவழியை நம்பி நிற்க வேண்டியிருந்தன. தொலைக் கிராமத்திலோ மின்சாரமே இல்லை. இந்நிலையிலும் கையடக்கத் தொலைபேசி பரவியது. 2007 இல், கடல்வடம் வருமுன்னரே, கெனியாவில் ‘எம்-பெசா’ என்னும் பணமனுப்பும் முறை சாதாரணக் குறுஞ்செய்தித் தொலைபேசியிலே தொடங்கி வெற்றி கண்டது. தம் தேவைக்கு உதவுவதாயின், படிப்பறிவு குறைந்தாரும் புதுக்கருவியைக் கைக்கொள்வர் என்பதை அறிஞர் பலர் அதன் பின்னரே ஒப்புக்கொண்டனர்.

அத்தேவையை அறிந்து கற்பிப்பாரும் வேண்டும். ஆசிரியத் தொழிலில் ஆண்டு பல கழித்த எனக்கு இவ்விடத்திற் கொரியாவும் எஸ்தோனியாவும் நினைவுக்கு வருகின்றன. 1982 இலேயே தன் கணினிகளை வலைப்படுத்திய தென்கொரியா, 2000 ஆம் ஆண்டு தொடங்கி ஒரு கோடி மக்களுக்கு இணையப் பயிற்சி அளிக்கும் திட்டமொன்றை மேற்கொண்டது. இல்லத்தரசியரும் முதியோரும் போர்வீரரும் அதிற் கற்றனர். சோவியத்துப் பிடியிலிருந்து 1991 இல் விடுபட்ட எஸ்தோனியா அக்காலத்தில் ஏறத்தாழப் பதினைந்து இலட்சம் மக்களே உடைய சிறு நாடாயிருந்தது, செல்வ நாடாகவும் இருக்கவில்லை. 1996 இல் ‘புலிப் பாய்ச்சல்’ என்று பெயரிட்டு அது பள்ளிகளிலிருந்தே தொடங்கியது. சில ஆண்டுகளுள் பள்ளிகளெல்லாம் இணையம் பெற்றன. ஆசிரியர்களுக்குப் பயிற்சியும் கிடைத்தது. 2005 இல் உள்ளூராட்சித் தேர்தலிலும், 2007 இல் பாராளுமன்றத் தேர்தலிலும் அந்நாட்டார் இணையத்தினூடே வாக்களித்தனர். கருவியை வாங்கிப் பள்ளி அலுமாரியிற் பூட்டி வைக்கும் வழக்கம் உள்ள நாடுகளுக்கு இச்செய்தி கசக்கலாம்.

இனி, வடத்தை நம்பி வாழ்வதிலுள்ள இடரையும் சொல்ல வேண்டும். 2004 ஓகஸ்ற் மாதத்தில் கொழும்புத் துறைமுகத்துக்கு அண்மையிலே கப்பலொன்றின் நங்கூரம் கடல்வடத்தைச் சிதைத்தபோது இத்தீவின் வெளிநாட்டு இணையத் தொடர்பு பெரும்பாலும் அற்றுப்போனதை நேயர்களுள் மூத்தோர் மறந்திரார். 2022 சனவரி 15 ஆந் திகதி தொங்கா நாட்டுக் கடலில் எரிமலை வெடித்தபோது, பிசித் தீவோடு அந்நாட்டை இணைத்த ஒரே வடமும் அறுந்தது. ஐந்து வாரங்கள் அது சீராகவில்லை; வெளிநாட்டில் வாழும் தொங்கர் தம் உறவினர் உயிரோடிருக்கின்றனரா என்பதையே முதலில் அறிய முடியாது தவித்தனர். அரசே வாயிலை அடைப்பதும் உண்டு. 2011 சனவரி இறுதியில் எகிப்து அரசு தன் மக்களின் கிளர்ச்சியை ஒடுக்கக் கருதி நாடு முழுவதும் இணையத்தை ஐந்து நாள் நிறுத்தி வைத்தது.

கிழக்கு ஆபிரிக்காவும் இதற்கு விலக்கன்று. 2024 பெப்ரவரியில் செங்கடலிலே ஏவுகணையால் தாக்குண்ட சரக்குக் கப்பலொன்று நங்கூரத்தை இழுத்தவாறு மிதந்து சென்றபோது மூன்று வடங்களை அறுத்துவிட்டதாகக் கருதப்படுகின்றது. அவற்றுள் ஒன்று சீகொம். வடக்கு வழி அடைபட்டமையால் போக்குவரவு தெற்கு வழியே திரும்பிற்று. மே மாதம் 12 ஆந் திகதி அத்தெற்கு வழியிலும் ஈசி, சீகொம் ஆகிய இரண்டு வடங்களும் ஒருங்கே அறுந்தன. தன்சானியாவிலும் கெனியாவிலும் உகண்டாவிலும் மலாவியிலும் இணையம் பல நாள் தளர்ந்து கிடந்தது. அறுந்த இடம் டேர்பன் துறைக்கு வடக்கே, 1879 இன் தந்தி வடம் வந்திறங்கிய அதே கரைக்கு அப்பால். கேப்டவுன் துறையிலிருந்து பழுதுபார்க்கும் கப்பல் ஒன்று புறப்பட்டுச் சென்று, வடத்தின் முனைகளைக் கொளுவியாற் பிடித்து மேலே தூக்கி, இழையோடு இழையைப் பொருத்தி, மீண்டும் கடலில் விட்டது. 1866 இலே அத்திலாந்திக்கில் வடம் இட்டவர்களும் முந்திய ஆண்டு அறுந்து மூழ்கிய வடத்தைக் கொளுவி கொண்டே தேடிப் பிடித்துத் தூக்கியிருந்தனர்.